வால்டர் மர்ச்: காதால் படம் வெட்டியவர்

கேள்வி இதுதான்: “வால்டர் மர்ச்சைச் சிலர் ஒலிக்கலைஞர் என்கிறார்கள், சிலர் படத்தொகுப்பாளர் என்கிறார்கள். உண்மையில் அவர் யார்? அவருடைய பணிவாழ்வில் எதைக் கவனிக்க வேண்டும்?”

அவர் இரண்டும்தான். குழப்பத்துக்கு விருதுப் பட்டியலும் ஒரு காரணம். 1979இல் வெளியான ‘அபோகாலிப்ஸ் நவ்’ படத்துக்காக அவருக்கு ஒலிக்கான ஆஸ்கர் கிடைத்தது. 1996இல் வெளியான ‘தி இங்கிலிஷ் பேஷண்ட்’ படத்துக்காகப் படத்தொகுப்புக்கு ஒன்றும், சக கலைஞர்களோடு பகிர்ந்துகொண்டு ஒலிக்கு ஒன்றுமாக இரண்டு ஆஸ்கர்கள் ஒரே இரவில் கிடைத்தன. இந்த இரண்டு துறைகளையும் அவர் தனித்தனியாகக் கற்றுத் தேர்ந்தார் என்று நினைத்தால் அவருடைய வேலை பிடிபடாது. ஒலியில் கற்ற பாடங்களை வைத்துக்கொண்டுதான் அவர் படத்தை வெட்டினார் என்பது என் கணிப்பு. அவருடைய பன்முகத்தன்மை என்று சொல்லப்படுவதன் வேர் அங்கேதான் இருக்கிறது.

1943இல் நியூயார்க்கில் பிறந்தவர் மர்ச். தந்தை ஓவியர், கடிகாரம், இயந்திரப் பாகங்கள் போன்ற அசையாப் பொருள்களை வரைந்து பெயர் பெற்றவர். வீட்டில் டேப் ரிக்கார்டர் என்ற பொருள் அபூர்வமாக இருந்த அந்தக் காலத்தில், சிறுவன் மர்ச் ஒலிநாடாவைத் துண்டு துண்டாக வெட்டி, தலைகீழாகத் திருப்பி ஒட்டி விளையாடிக்கொண்டிருந்தார். ஒருநாள் வானொலியில் பிரெஞ்சு இசைக்கலைஞர்களான பியர் ஷேஃபர், பியர் ஆன்ரி ஆகியோரின் ஒலிநாடாப் படைப்பு ஒன்றைக் கேட்டு, தன்னைப்போலவே இதே பித்துப் பிடித்தவர்கள் உலகத்தில் இருக்கிறார்கள் என்று தெரிந்துகொண்டதைப் பின்னாளில் பலமுறை சொல்லியிருக்கிறார். ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழகத்தில் கலை வரலாறும் ஐரோப்பிய மொழிகளும் படித்து, இடையில் ஓராண்டு பாரிஸில் தங்கிப் பிரெஞ்சுப் புதிய அலைப் படங்களில் மூழ்கி, 1965இல் தென் கலிஃபோர்னியப் பல்கலைக்கழகத்தின் திரைப்படப் பள்ளியில் சேர்ந்தார். அங்கே அவருடன் படித்தவர்களில் ஒருவர் ஜார்ஜ் லூகாஸ்.

அடுத்து நடந்ததைப் புரிந்துகொள்ளத் தொழிற்சங்க விதிகள் கொஞ்சம் தெரிய வேண்டும். அன்றைய ஹாலிவுட்டில் ஒலியை வெட்டி ஒட்டுபவர் ஒருவர், கலப்பவர் இன்னொருவர், படத்தை வெட்டுபவர் மூன்றாமவர். ஒருவருடைய மேசையில் மற்றவர் கை வைக்க முடியாது. 1969இல் இயக்குநர் பிரான்சிஸ் ஃபோர்ட் கொப்போலாவும் லூகாஸும் லாஸ் ஏஞ்சலிஸை விட்டு விலகி, சான்ஃபிரான்சிஸ்கோவில் ‘அமெரிக்கன் ஸோட்ரோப்’ நிறுவனத்தைத் தொடங்கியபோது மர்ச்சும் உடன் போனார். அங்கே இந்தத் தடுப்புகள் இல்லை. கொப்போலாவின் ‘தி ரெயின் பீப்பிள்’ படத்தின் ஒலி முழுவதையும் மர்ச் செய்தார். ஆனால் சங்க உறுப்பினராக இல்லாததால் ஒலித்தொகுப்பாளர் என்று பெயர் போட முடியவில்லை. ‘ஒலி மொன்டாஜ்’ என்று ஒரு புதுப் பெயரைப் போட்டுச் சமாளித்தார்கள். கொப்போலாவின் ‘காட்ஃபாதர்’ படத்தில் மர்ச்சின் பெயர் தயாரிப்புக்குப் பிந்தைய பணிகளின் ஆலோசகர் என்ற வரியில் ஒதுங்கியிருப்பதும் இதனால்தான். பின்னாளில் உலகம் முழுக்கப் பரவிய ‘சவுண்ட் டிசைனர்’ என்ற சொல்லின் பின்னணியில் இப்படி ஒரு சங்கத் தகராறு இருக்கிறது.

அந்த ‘காட்ஃபாதர்’ படத்தில் மாஃபியாக் குடும்பத்து மகன் மைக்கேல் முதன்முதலாகக் கொலை செய்யும் உணவகக் காட்சியை மறுபடி பாருங்கள், கண்ணை மூடிக்கொண்டாலும் சரி. கழிவறையில் ஒளித்து வைத்திருந்த துப்பாக்கியோடு வந்து அவன் மேசையில் உட்கார்கிறான். எதிரில் இருப்பவர் இத்தாலிய மொழியில் பேசிக்கொண்டே இருக்கிறார், வசனத்துக்கு மொழிபெயர்ப்பும் இல்லை. அந்த நேரத்தில் மேம்பால ரயில் ஒன்று வளைவில் திரும்பும்போது எழுகிற இரும்புக் கிறீச்சல் மெல்லத் தொடங்கி, மைக்கேலின் முகத்தின் மேல் ஏறி, தாங்க முடியாத அளவுக்குப் போகிறது. படத்தில் எங்கும் ரயிலைக் காட்டவில்லை. கதைப்படி ரயில் அவ்வளவு அருகில் இருக்க வேண்டிய அவசியமும் இல்லை. பின்னணி இசை ஒரு துளியும் கிடையாது. குண்டு பாய்ந்து, அவன் துப்பாக்கியைக் கீழே போட்ட பிறகுதான் நீனோ ரோட்டாவின் இசை நுழைகிறது. முகத்தில் ஒன்றும் காட்டாத ஒருவனுடைய மண்டைக்குள் நடப்பதை நாம் காதால் கேட்கிறோம்.

லூகாஸுடன் சேர்ந்து மர்ச் திரைக்கதை எழுதி, ஒலியும் அமைத்த ‘டிஎச்எக்ஸ் 1138’ (1971) படத்தில் நடந்த ஒரு சிறு விஷயம் இதைவிட எனக்கு முக்கியமாகப் படுகிறது. அதில் இயந்திரப் போலீஸ்காரர்கள் வருவார்கள். அவர்களின் காலடி ஓசையை இரும்புக் காலணி அணிந்து நடந்து பதிவு செய்து, படத்தோடு பொருத்திக்கொண்டிருந்தபோது மர்ச் ஒன்றைக் கவனித்தார். ஒருவர் நடந்தால் ஒவ்வொரு அடிக்கும் ஓசை சரியாக விழ வேண்டும். இரண்டு பேர் நடந்தாலும் அப்படியே. மூன்று பேர் ஆகிவிட்டால், எந்த ஓசை எந்தக் காலுக்கு என்று பார்வையாளரின் மூளை கணக்குப் பார்ப்பதை விட்டுவிடுகிறது. கூட்டமாக நடக்கிற ஓசை இருந்தால் போதும், பொருத்தமே தேவையில்லை. இதற்கு அவர் ‘இரண்டரை’ விதி என்று பெயர் வைத்தார். பார்ப்பவரின் மனம் எத்தனையைத் தனித்தனியாகப் பிடித்துக்கொள்ளும், எங்கே கை நழுவவிடும் என்ற இந்தக் கணக்குதான் பின்னாளில் அவர் ஒரு ஷாட்டை எங்கே முடிப்பது என்று முடிவு செய்யும்போதும் உடன் வந்தது.

‘அமெரிக்கன் கிராஃபிட்டி’யில் (1973) அவர் செய்தது இன்னொரு விதம். படம் முழுவதும் ஒரே வானொலி நிகழ்ச்சி ஊரெங்கும் கார்களில் ஒலித்துக்கொண்டிருக்கும். ஸ்டூடியோவில் பதிந்த அந்தத் தெளிவான ஒலியை அப்படியே போட்டால் தெருவில் கேட்பதுபோல் இருக்காது. அதனால் வீட்டுப் பின்புறத்தில் லூகாஸ் ஒலிபெருக்கியைப் பிடித்து மெல்லத் திருப்பிக்கொண்டிருக்க, சற்றுத் தள்ளி மர்ச் மைக்கை அசைத்துக்கொண்டே அதை மறுபடி பதிவு செய்தார். காற்றும் சுவரும் தூரமும் அந்த ஒலியில் ஒட்டிக்கொண்டன. ‘வேர்ல்டைசிங்’ என்று அவர் சொன்ன இந்த முறையை இன்று மென்பொருளே செய்துவிடுகிறது.

இவ்வளவுக்கும் பிறகுதான் அவர் முழுநீளக் கதைப்படம் ஒன்றை முதன்முதலாகத் தொகுத்தார்: கொப்போலாவின் ‘தி கான்வர்சேஷன்’ (1974). அடுத்த ‘காட்ஃபாதர்’ பாகத்துக்கான வேலை அழைத்ததால் கொப்போலா போய்விட்டார். திரைக்கதையில் இருந்த சில காட்சிகள் எடுக்கப்படவே இல்லை. கையில் இருந்ததை வைத்து ரிச்சர்ட் சூ என்ற தொகுப்பாளரும் மர்ச்சும் படத்தை உருவாக்க வேண்டியிருந்தது. நிஜமாக நடப்பதாக எடுத்த ஒரு பனிமூட்டப் பூங்காக் காட்சி, நாயகனின் கனவாக இடம் மாறியது இப்படித்தான்.

ஆனால் எல்லாரும் இந்தப் படத்தை நினைவில் வைத்திருப்பது ஒரே ஒரு வாக்கியத்துக்காக. ஹாரி கால் என்ற ஒட்டுக்கேட்கும் நிபுணன், கூட்டம் நிறைந்த சதுக்கத்தில் ஒரு ஜோடி நடந்துகொண்டே பேசுவதைப் பதிவு செய்கிறான். சத்தத்தைத் துடைத்துத் துடைத்து அவன் மீட்டெடுக்கும் வாக்கியம், ‘வாய்ப்புக் கிடைத்தால் அவன் நம்மைக் கொன்றுவிடுவான்’ என்பது. ‘கொன்றுவிடுவான்’ என்ற சொல்லில் அழுத்தம் விழுகிறது. பயந்துபோன இருவர் என்று அவனும் நாமும் நம்புகிறோம். படத்தின் கடைசியில் அதே வாக்கியம் மறுபடி ஒலிக்கும்போது அழுத்தம் ‘நம்மை’ என்ற சொல்லுக்கு மாறியிருக்கிறது. அவன் நம்மைக் கொல்வானென்றால் நாம் முந்திக்கொள்வதில் என்ன தவறு என்ற பொருள் அதிலிருந்து கிளம்புகிறது. படப்பிடிப்பு இடத்து ஒலி சரியாக இல்லாததால் நடிகர்களை அமைதியான ஒரு பூங்காவுக்கு அழைத்துப்போய் மர்ச் அதே வசனங்களை மறுபடி பதிவு செய்திருந்தார். அப்போது நடிகர் ஃபிரெடரிக் ஃபாரஸ்ட் ஒரு முறை அழுத்தத்தை மாற்றிச் சொல்லிவிட்டார். இது தவறு என்று மர்ச் ஒதுக்கிவைத்த டேக் அது. கடைசி ஒலிக்கலவை நேரத்தில் நினைவு வந்து எடுத்துப் பயன்படுத்தினார். கண்டிப்பாகப் பார்த்தால் இது ஒரு மோசடிதான்: ஒரே ஒலிநாடா இருவிதமாக ஒலிக்க முடியாது. ஆனால் ஹாரியின் காது முதலில் தனக்கு வேண்டியதைக் கேட்டது என்று நாம் எடுத்துக்கொள்கிறோம். படத்தின் கதையே ஒரு டேக் தேர்வில் தீர்மானமாகிவிட்டது. அந்தத் தேர்வு ஒலித்தொகுப்பா, படத்தொகுப்பா என்று பிரித்துச் சொல்ல என்னால் முடியாது.

இதே படத்தை வெட்டும்போதுதான், தான் ஷாட்டை முடிக்கத் தேர்ந்தெடுத்த இடத்துக்கு வெகு அருகில், ஹாரியாக நடித்த ஜீன் ஹாக்மன் கண் சிமிட்டுவதை அவர் மறுபடி மறுபடி கவனித்தார். ஒரு நினைப்பு முடிந்து இன்னொன்று தொடங்கும் இடத்தில் மனிதர் கண் சிமிட்டுகிறார். வெட்டும் அங்கேதான் விழ விரும்புகிறது என்ற கருத்து பின்னாளில் 1988இல் ஆஸ்திரேலியாவில் அவர் ஆற்றிய உரையாகி, 1995இல் நூலாகி, திரைப்படப் பள்ளிகளின் பாடமானது. நல்ல வெட்டுக்கு ஆறு தகுதிகளை வரிசைப்படுத்தி, உணர்ச்சிக்கு 51 சதவீதம், கதைக்கு 23, தாளத்துக்கு 10, மீதமுள்ள மூன்றுக்கும் 7, 5, 4 என்று மதிப்பெண் போட்டதும் அதில்தான். அந்த எண்களை மாணவர்கள் மனப்பாடம் செய்வதைப் பார்த்தால் எனக்குச் சற்றுச் சிரிப்பு வரும். முதல் தகுதி மற்ற ஐந்தையும் சேர்த்ததைவிட ஒரு படி அதிகம் என்பது மட்டுமே அதன் சாரம். எதையாவது விட்டுக்கொடுக்க வேண்டியிருந்தால் கீழேயிருந்து விட்டுக்கொடு, உணர்ச்சியை மட்டும் கொடுக்காதே என்கிறார்.

அவருடைய மேசைப் பழக்கங்கள் இந்தக் கொள்கையைவிடச் சுவையானவை. மர்ச் நின்றுகொண்டே தொகுப்பவர். அறுவை மருத்துவரும் சமையல்காரரும் இசைக்குழுவை நடத்துபவரும் உட்கார்ந்தா வேலை செய்கிறார்கள் என்று கேட்பார். திரையின் அடியில் ஆணும் பெண்ணுமாக இரண்டு சிறிய காகித உருவங்களை ஒட்டிவைத்திருப்பார். பார்வையாளர் அந்த அளவில் உட்கார்ந்திருந்தால் இந்தத் திரை எவ்வளவு பெரிதாகத் தெரியும் என்று தனக்கு நினைவூட்டிக்கொள்வதற்காக. ஒலிக்காகவே பெயர் பெற்றவர், ஒரு காட்சியை முதன்முதலில் அடுக்கும்போது ஒலியை நிறுத்திவிட்டுத்தான் அடுக்குவார். பிறகு ஷாட்டை ஓடவிட்டு, இங்கே முடிய வேண்டும் என்று தோன்றும் கணத்தில் பொத்தானை அழுத்துவார். எந்தச் சட்டத்தில் (ஃபிரேமில்) நின்றது என்று குறித்துக்கொண்டு, பின்னுக்குப் போய் மறுபடி ஓடவிட்டு, மறுபடி அழுத்துவார். ஒரு விநாடியின் 24இல் ஒரு பங்கான அதே சட்டத்தில் இரண்டாவது முறையும் கை நின்றால் அதை நம்புவார். நிற்காவிட்டால் அந்த ஷாட்டைத் தான் இன்னும் புரிந்துகொள்ளவில்லை என்று அர்த்தம். தாளம் போடுகிறவர் சமத்தில் வந்து விழுகிறாரா என்று பார்ப்பதற்கும் இதற்கும் பெரிய வேறுபாடு இல்லை.

கொப்போலாவின் வியட்நாம் போர்ப் படமான ‘அபோகாலிப்ஸ் நவ்’ பற்றி ஒரு திருத்தத்தோடு தொடங்க வேண்டும். ஹெலிகாப்டர்கள் வாக்னரின் இசையோடு கிராமத்தைத் தாக்கும் காட்சியை வெட்டியவர் மர்ச் என்று பலர் எழுதுகிறார்கள். அதை வெட்டியவர் ஜெரால்டு கிரீன்பெர்க். ரிச்சர்ட் மார்க்ஸ், லிசா ஃப்ருக்ட்மன் ஆகியோரும் சேர்ந்த நால்வர் குழுவில் மர்ச் ஒருவர். கூடவே ஒலிப் பொறுப்பு முழுவதும் அவருடையது. எடுக்கப்பட்ட பிலிம் 12.5 லட்சம் அடி, ஓடும் நேரம் 230 மணிக்கும் மேல். அதிலிருந்து இரண்டரை மணிக்குச் சற்றுக் குறைவான படம் வந்தது: திரையில் வந்த ஒரு நிமிடத்துக்குப் பின்னால் காணாமல் போனவை 95 நிமிடங்கள். மர்ச் பின்னர் கணக்குப் போட்டபோது, ஒரு தொகுப்பாளர் ஒரு நாளைக்குச் செய்த வெட்டுகளின் சராசரி 1.47 என்று வந்தது.

படத்தின் தொடக்கத்தில் ஓட்டல் அறையின் மின்விசிறியும் ஹெலிகாப்டர் சிறகும் ஒன்றோடொன்று கலப்பதை எல்லாரும் சொல்லிவிட்டார்கள். அதற்குச் சற்றுப் பின்னால் வருவதைக் கேளுங்கள். நாயகனான ராணுவ அதிகாரி வில்லர்ட் ஜன்னல் வழியே சைகோன் தெருவைப் பார்க்கிறான். வண்டிகளும் போலீஸ் விசிலும் கேட்கின்றன. அவன் மனம் காட்டுக்குப் போகப் போக அந்த நகரத்து ஓசைகள் ஒவ்வொன்றாகப் பூச்சி, பறவை ஓசைகளாக மாறுகின்றன. உடம்பு அறைக்குள் இருக்க, காது காட்டுக்குப் போய்விடுகிறது. அந்தச் சில்வண்டு ஓசையைக்கூட வயல்வெளியில் மைக் வைத்துப் பொத்தாம்பொதுவாகப் பதியவில்லை. ஒற்றைப் பூச்சியை மிக அருகில் பதிந்து, அதையே அடுக்கடுக்காகப் பெருக்கினார். இயற்கையில் எந்தக் காட்டிலும் கேட்காத, காய்ச்சல் கண்டவனுக்கு மட்டும் கேட்கக்கூடிய ஒரு துல்லியம் அப்படித்தான் வந்தது. முன்னால் மூன்று, பின்னால் இரண்டு என்று ஒலிபெருக்கிகளைப் பிரித்து அந்தப் படத்துக்காக அவர்கள் அமைத்த ஏற்பாடு, இன்று நாம் 5.1 என்று சொல்லும் சூழ்ஒலி அமைப்பின் முன்னோடி. 2001இல் 49 நிமிடங்களைக் கூட்டி அவரே தொகுத்த நீண்ட வடிவம் ஆய்வாளர்களுக்குப் பயன்படும். எனக்கு அது, கதை நெடுக ஆற்றில் போகும் படகின் வேகத்தைக் குறைத்துவிட்டதாகவே தோன்றுகிறது.

எண்பதுகளை வேகமாகக் கடந்துவிடலாம். 1985இல் ‘ரிட்டர்ன் டு ஆஸ்’ என்ற ஒரே ஒரு முழுநீளப் படத்தை இயக்கினார்; படப்பிடிப்பின் நடுவில் வேலையிலிருந்து நீக்கப்பட்டு, லூகாஸ் தலையிட்டதால் திரும்ப வந்தார்; படம் ஓடவில்லை. 1988இல் ‘தி அன்பேரபிள் லைட்னெஸ் ஆஃப் பீயிங்’ படத்துக்காக, 1968இல் பிராக் நகரில் சோவியத் டாங்கிகள் நுழைந்தபோது எடுக்கப்பட்ட உண்மையான ஆவணத் துண்டுகளோடு நடிகர்களைப் படமாக்கிய துண்டுகளைப் பின்னி ஒரு பகுதியை உருவாக்கினார். 1990ஆம் ஆண்டுப் படங்களுக்கான ஆஸ்கர் பரிந்துரையில் ‘கோஸ்ட்’, ‘காட்ஃபாதர்’ மூன்றாம் பாகம் இரண்டிலும் அவர் பெயர் இருந்தது. ஒன்று ஆவிக் காதல், மற்றொன்று மாஃபியாக் குடும்பத்தின் வீழ்ச்சி. இரண்டுக்கும் விருது கிடைக்கவில்லை.

‘தி இங்கிலிஷ் பேஷண்ட்’ நம் வாசகர்களுக்குக் கொஞ்சம் நெருக்கமான படம். மூல நாவலாசிரியர் மைக்கேல் ஒண்டாட்சி கொழும்பில் பிறந்தவர். போரின் முடிவில் இத்தாலியில் ஒரு பாழடைந்த மடம், போருக்கு முந்தைய வட ஆப்பிரிக்கப் பாலைவனம் என்று கதை இரண்டு காலங்களில் நடக்கிறது. இரண்டுக்கும் இடையே ஏறத்தாழ நாற்பது முறை போய் வர வேண்டும். மர்ச் இந்தத் தாவல்கள் பலவற்றை ஒலியிடம் ஒப்படைத்தார். தாதி ஹானா முற்றத்தில் கட்டம் போட்டுத் தனியாகப் பாண்டி ஆடுகிறாள். அந்தக் கால் பதியும் தட்டல் மாடியில் கிடக்கும் நோயாளியின் காதில் விழுந்து, பாலைவன மக்களின் தாள ஓசையாக மாறி, அவனை அங்கே கொண்டுபோய்விடுகிறது. படத்தை ரோமில் வழக்கம்போல் பிலிமில்தான் வெட்டத் தொடங்கினார். பாதியில் குடும்பத்தில் ஒருவருக்கு உடல்நலம் கெட்டதால் கலிஃபோர்னியாவுக்குத் திரும்பி, வீட்டிலேயே வேலையைத் தொடர்வதற்காகக் கணினியில் இயங்கும் ‘அவிட்’ முறைக்கு மாறினார். கணினியில் தொகுத்த படம் ஒன்றுக்குப் படத்தொகுப்பு ஆஸ்கர் கிடைத்தது அதுவே முதல் முறை. இந்தப் படத்தில் ஏற்பட்ட பழக்கத்தால் ஒண்டாட்சி அவரோடு நடத்திய நீண்ட உரையாடல்கள் 2002இல் நூலாக வந்தன. படத்தொகுப்பைப் பற்றி நாவலாசிரியர் ஒருவர் கேட்கும் கேள்விகள் தொழில்காரர் கேட்பவற்றைவிட நன்றாக இருக்கின்றன.

‘தி இங்கிலிஷ் பேஷண்ட்’ வெளியாகி இரண்டு ஆண்டுகள் கழித்து வந்த வேலை அவருடைய திறமைக்கென்றே அளந்து செய்ததுபோல் அமைந்தது. ஆர்சன் வெல்ஸின் ‘டச் ஆஃப் ஈவில்’ (1958) படத்தைத் தயாரிப்பு நிறுவனம் அவர் கையிலிருந்து பிடுங்கி மாற்றியபோது, என்னென்ன சரிசெய்ய வேண்டும் என்று வெல்ஸ் 58 பக்கக் குறிப்பு ஒன்றை எழுதினார். நாற்பது ஆண்டுகளுக்குப் பிறகு, 1998இல், அந்தக் குறிப்பின்படி படத்தை மறுபடி தொகுக்கும் பொறுப்பு மர்ச்சிடம் வந்தது. ஏறத்தாழ ஐம்பது மாற்றங்கள். முதல் மாற்றம் தொடக்கத்தின் புகழ்பெற்ற நீண்ட ஷாட்டில்: காரின் பின்பெட்டியில் வெடிகுண்டு வைக்கப்படுகிறது, கார் எல்லை நகரத்தின் தெருக்களில் ஊர்ந்து போகிறது, கேமரா வெட்டே இல்லாமல் தொடர்கிறது. பழைய வடிவில் அதன் மேல் பெயர்ப் பட்டியலும் ஹென்றி மான்சினியின் இசையும் ஓடும். மர்ச் இரண்டையும் எடுத்துவிட்டு, வெல்ஸ் கேட்டிருந்தபடி, கடந்து போகும் ஒவ்வொரு கடையிலிருந்தும் காரிலிருந்தும் வரும் வெவ்வேறு இசையை வைத்தார். கார் சட்டகத்தைவிட்டு வெளியே போனாலும் அதன் வானொலி நெருங்குவதையும் விலகுவதையும் கேட்டு, குண்டு எங்கே இருக்கிறது என்று பார்வையாளர் அறிந்துகொள்கிறார். 1973இல் வீட்டுப் பின்புறத்தில் மைக்கை அசைத்துக்கொண்டிருந்தவருக்கு இந்த வேலை புதிதாக இருந்திருக்காது.

அதன் பிறகும் அவர் நிற்கவில்லை. 2003இல் வந்த ‘கோல்டு மவுண்டன்’ என்ற பெரிய செலவுப் படத்தை, அன்று ஆயிரம் டாலருக்கும் குறைவான விலையில் கடையில் கிடைத்த ‘ஃபைனல் கட் ப்ரோ’ மென்பொருளில் தொகுத்து, தொழில்நுட்பக்காரர்களையே நெற்றியைச் சுருக்கவைத்தார். 2005இல் ‘ஜார்ஹெட்’ படத்தைத் தொகுத்தபோது அதில் ஒரு காட்சி: போருக்குப் போகவிருக்கும் இளம் வீரர்கள் கொட்டகையில் ‘அபோகாலிப்ஸ் நவ்’ ஹெலிகாப்டர் தாக்குதலைப் பார்த்து ஆர்ப்பரிக்கிறார்கள். தான் ஒலி அமைத்த காட்சியைச் சுற்றி அவரே வெட்ட வேண்டிய நிலை. ஹிக்ஸ் துகளைத் தேடிய இயற்பியலாளர்களைப் பற்றிய ‘பார்ட்டிக்கிள் ஃபீவர்’ (2013), 1953இல் ஈரானில் நடந்த ஆட்சிக்கவிழ்ப்பைப் பற்றிய ‘கூ 53’ (2019) என்று ஆவணப்படங்களும் செய்தார். பின்னதில், பிரிட்டிஷ் உளவு அதிகாரி ஒருவருடைய பேட்டியின் எழுத்துப் பிரதி மட்டும் இருந்தது, பேசிய படச்சுருள் கிடைக்கவில்லை. அந்த இடத்தில் ரெய்ஃப் ஃபைன்ஸ் அமர்ந்து பேசுகிறார்: ‘தி இங்கிலிஷ் பேஷண்ட்’ படத்தின் நோயாளி.

எதில் தொடங்குவது என்று கேட்டால் ‘தி கான்வர்சேஷன்’ என்பேன், நல்ல ஹெட்ஃபோனோடு. சதுக்கத்தை மேலிருந்து பார்த்துக்கொண்டு கேமரா மிக மெதுவாக நெருங்கும் முதல் ஷாட்டிலேயே, கூட்டத்தின் ஓசைக்கு நடுவில் எதற்கும் சம்பந்தமில்லாத ஒரு கரகரப்பு வந்து போகும். பிரதி கெட்டுவிட்டது என்று நினைத்து நிறுத்திவிட வேண்டாம். அது எங்கிருந்து வருகிறது என்று படம் சில நிமிடங்களில் காட்டிவிடும்.